பொய்யறியும் சோதனையும் சிங்கப்பூர்ச் சட்டமும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பாலிகிராஃப் எனப்படும் பொய்யறியும் கருவியைப் பற்றித் தமிழில் படிக்கக் கிடைப்பவை பெரும்பாலும் இந்தியச் செய்திகளையும் இந்தியச் சட்டத்தையும் ஒட்டியே இருக்கின்றன. சிங்கப்பூரில் விசாரணைக்கு அழைக்கப்பட்டவர்களும், கடையில் பணம் காணாமற்போய்ச் சந்தேகத்துக்கு ஆளான ஊழியர்களும், அவர்களுடைய குடும்பத்தாரும் கேட்கும் கேள்விகளுக்கு இந்நாட்டுச் சட்டத்தை வைத்தே விடை சொல்ல வேண்டும். இங்கே தரப்படுவது பொது விளக்கம் மட்டுமே. உங்கள் வழக்கைப் பொறுத்தவரை, கோப்பைப் படித்த வழக்கறிஞர் சொல்வதே கணக்கு.

அந்தக் கருவி உண்மையில் எதை அளக்கிறது?

உடலை அளக்கிறது. மார்பையும் வயிற்றையும் சுற்றிக் கட்டும் இரண்டு பட்டைகள் மூச்சின் ஏற்ற இறக்கத்தைப் பதிவுசெய்கின்றன. விரல்களில் மாட்டும் சிறு தகடுகள், வியர்வையால் தோலின் மின்கடத்தும் தன்மை எப்படி மாறுகிறது என்பதைக் காட்டுகின்றன. மேற்கையில் கட்டும் பட்டை இரத்த அழுத்தத்தையும் நாடித் துடிப்பையும் தொடர்கிறது. பலதுறை மருந்தகத்தில் தாதியர் கட்டிவிடும் பட்டை சில நொடிகளில் தளர்ந்துவிடும். இங்கேயோ ஒரு சுற்றுக் கேள்விகள் முடியும்வரை அது இறுகியே இருப்பதால், கை மரத்துப்போனதுபோல் தோன்றும். கையை அசைக்கவும் கூடாது, நாற்காலியில் நகரவும் கூடாது.

கேள்விகள் முன்னதாகவே படித்துக் காட்டப்படும். ஆம் அல்லது இல்லை என்று மட்டும் பதில் சொல்ல வேண்டும். "கல்லாவிலிருந்து அந்தப் பணத்தைத் திருடினீர்களா?" என்பதைப் போன்ற நேரடிக் கேள்விக்கும், "உங்களை நம்பியவரை எப்போதாவது ஏமாற்றியிருக்கிறீர்களா?" என்பதைப் போன்ற ஒப்பீட்டுக் கேள்விக்கும் உடல் காட்டும் மாற்றத்தைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்துச் சோதனையாளர் முடிவு சொல்வார். எனவே பொய்க்கென்று தனியாக ஒரு கோடு அந்தத் திரையில் வருவதில்லை. பதற்றத்தின் கோடுதான் வருகிறது, அதற்குப் பொருள் சொல்பவர் மனிதர். தமிழ் ஊடகங்கள் இதற்கு "உண்மை கண்டறியும் சோதனை" என்று வைத்த பெயர், கருவிக்கு அதன் தகுதிக்கு மீறிய மரியாதையைத் தந்துவிட்டது என்றே எனக்குத் தோன்றுகிறது. திருட்டுப் போன வீட்டில் எல்லாருக்கும் மந்திரித்த அரிசியைக் கொடுத்து மெல்லச் சொல்லி, எவன் வாய் உலர்ந்து விழுங்க முடியாமல் திணறுகிறானோ அவனே திருடன் என்று முடிவு கட்டிய பழைய வழக்கத்துக்கும் இதற்கும் அடிப்படை ஒன்றே. திருடாதவனுக்கும் பயத்தில் வாய் உலரும்.

சிங்கப்பூரில் இதற்கென்று தனிச் சட்டம் உண்டா?

இல்லை. இருக்கும் சட்டங்களை வைத்துத்தான் ஒவ்வொரு சூழலையும் பார்க்க வேண்டும்: போலிஸ் விசாரணை என்றால் 2010ஆம் ஆண்டின் குற்றவியல் நடைமுறைச் சட்டமும் சாட்சியச் சட்டமும், லஞ்ச வழக்கு என்றால் அவற்றோடு 1960ஆம் ஆண்டின் ஊழல் தடுப்புச் சட்டமும், வேலையிடம் என்றால் 1968ஆம் ஆண்டின் வேலை நியமனச் சட்டமும், தனியார் நிறுவனம் திரட்டும் விவரங்கள் என்றால் 2012ஆம் ஆண்டின் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் பேசும்.

சட்டம் ஒரு சோதனையைக் கட்டாயமாக்க நினைத்தால் அதை எப்படி எழுதும் என்பதற்கு மூச்சுச் சோதனை நல்ல எடுத்துக்காட்டு. சாலைப் போக்குவரத்துச் சட்டம் 100 மில்லிலிட்டர் மூச்சில் 35 மைக்ரோகிராம் மதுசாரம் என்று வரம்பைச் சொல்லி, தகுந்த காரணமின்றி மூச்சு மாதிரி தர மறுப்பதையே குற்றமாக்கியிருக்கிறது. அதேபோல் 2024ல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய குற்றவியல் நடைமுறைத் திருத்தம், தடயவியல் மருத்துவப் பரிசோதனைக்குத் தகுந்த காரணமின்றி உட்பட மறுப்பதைக் குற்றமாக்கியது. பாலிகிராஃபுக்கு இத்தகைய பிரிவு எதுவும் எழுதப்படவில்லை.

போலிசோ லஞ்ச ஊழல் புலனாய்வுப் பிரிவோ சோதனைக்கு வரச் சொன்னால் மறுக்கலாமா?

மறுக்கலாம். இது சம்மதத்தின் பேரில் நடக்கும் சோதனை. சம்மதப் படிவத்தில் கையொப்பம் வாங்குவதற்குக் காரணமும் அதுதான். மறுத்தது குற்றமாகாது.

இதில் ஒரு குழப்பம் வருவதுண்டு. விசாரணை அதிகாரி வாக்குமூலத்துக்கு அழைப்பதும் சோதனைக்கு அழைப்பதும் ஒன்றல்ல. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 22ஆம் பிரிவின்படி விசாரிக்கப்படுபவர் தமக்குத் தெரிந்த உண்மைகளை உண்மையாகச் சொல்லக் கடமைப்பட்டவர். தம்மைக் குற்றச்சாட்டுக்கு உள்ளாக்கக்கூடியதை மட்டும் சொல்ல வேண்டியதில்லை. ஊழல் தடுப்புச் சட்டத்தின் 27ஆம் பிரிவு, கேட்கப்படும் தகவலைத் தரும் கடமையை இன்னும் அழுத்தமாகச் சொல்கிறது. ஆனால் தகவல் தரும் கடமையிலிருந்து உடலில் பட்டைகளைக் கட்டிக்கொள்ளும் கடமை பிறந்துவிடாது என்பதே இப்பிரிவுகளைப் படிக்கும்போது எனக்குப் படும் பொருள். ஆகவே "சோதனைக்கு எனக்குச் சம்மதம் இல்லை, வாக்குமூலம் தருகிறேன்" என்று பணிவாகச் சொல்வதற்கு இடம் இருக்கிறது. சோதனை வேண்டாம் என்ற சாக்கில் விசாரணைக்கே போகாமல் இருப்பதற்கு இடம் இல்லை.

சோதனையின் முடிவை நீதிமன்றம் ஏற்றுக்கொள்ளுமா?

குற்றத்தை மெய்ப்பிக்கும் சான்றாகவோ, குற்றமின்மையை மெய்ப்பிக்கும் சான்றாகவோ சிங்கப்பூர் நீதிமன்றங்கள் அதை ஏற்பதில்லை. ஒரு சாட்சி சொல்வது நம்பத்தக்கதா என்பதை முடிவு செய்வது நீதிபதியின் வேலை. அந்த வேலையை ஒரு கருவிக்கோ அதை இயக்கும் நிபுணருக்கோ விட்டுக்கொடுக்க நீதிமன்றங்கள் விரும்பியதில்லை. சாட்சியச் சட்டத்தின் 47ஆம் பிரிவு நிபுணர் கருத்துக்கு இடமளித்தாலும், நீதியின் நலனுக்கு ஒவ்வாத கருத்தை ஒதுக்கும் உரிமையையும் நீதிமன்றத்திடமே கொடுத்திருக்கிறது.

இந்தத் தயக்கம் இன்றைக்கு வந்ததன்று. இரத்த அழுத்தத்தை வைத்துப் பொய் கண்டுபிடிக்கலாம் என்று உளவியலாளர் வில்லியம் மார்ஸ்டன் முன்வைத்த சோதனையை அமெரிக்காவின் வாஷிங்டன் மேல்முறையீட்டு நீதிமன்றம் 1923ல், ஃபிரை என்பவரின் வழக்கில், அறிவியல் துறையினரின் பொது ஏற்பைப் பெறாதது என்று சொல்லி நிராகரித்தது. கனடாவின் உச்ச நீதிமன்றம் 1987ல் அதே வாசலை அடைத்தது. அமெரிக்கத் தேசிய ஆய்வு மன்றம் 2003ல் வெளியிட்ட அறிக்கை, குறிப்பிட்ட ஒரு சம்பவத்தைப் பற்றிய சோதனையில் இக்கருவி குருட்டு ஊகத்தைவிட நன்றாகவும், பிழையின்மைக்கு வெகு தொலைவிலும் செயல்படுகிறது என்று கணித்தது.

முடிவே செல்லாது என்றால், இதில் பயப்பட என்ன இருக்கிறது?

இந்தப் பக்கத்தில் ஒரே ஒரு பதிலைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் இதைப் படியுங்கள். கருவி வரைந்த கோடுகள் நீதிமன்றத்துக்குள் வருவதில்லை; அந்த அறையில் நீங்கள் சொன்ன சொற்கள் வரலாம்.

சோதனை மூன்று கட்டங்களாக நடக்கும். முதலில் நீண்ட உரையாடல், பிறகு கருவியோடு கேள்விகள், கடைசியில் மறுபடியும் உரையாடல். கைப்பட்டை கழற்றப்பட்டதும் பலர் சோதனை முடிந்துவிட்டது என்று நினைத்து மூச்சு விடுகிறார்கள். மரத்துப்போன கையைத் தேய்த்துக்கொண்டிருக்கும்போது எதிரில் இருப்பவர் நாற்காலியைக் கொஞ்சம் முன்னால் இழுத்துப் போட்டு, "நான்காவது கேள்வியில் கருவி உங்களை ஒத்துக்கொள்ளவில்லையே, ஏதாவது சொல்ல விட்டுப்போய்விட்டதா?" என்று தணிந்த குரலில் கேட்பார். தாம் தோற்றுவிட்டோம் என்று நம்பும் மனிதர் விளக்கம் சொல்லத் தொடங்குவார். விளக்கம் சொல்லச் சொல்ல, முன்பு சொன்னதற்கும் இப்போது சொல்வதற்கும் இடையில் வேறுபாடுகள் முளைக்கும். உண்மையிலேயே தவறு செய்தவர் ஒப்புக்கொள்வதும் இந்தக் கட்டத்தில்தான், தவறு செய்யாதவர் குழம்பிப்போய் அரைகுறையாக எதையோ ஒப்புக்கொள்வதும் இந்தக் கட்டத்தில்தான்.

அப்படிச் சொன்னது செல்லுமா என்பதைக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 258ஆம் பிரிவு முடிவு செய்கிறது. அதிகாரத்தில் உள்ள ஒருவர் குற்றச்சாட்டு தொடர்பாக மிரட்டியோ, ஆசை காட்டியோ, வாக்குறுதி தந்தோ பெற்ற வாக்குமூலமும், ஒருவரின் மன உறுதியையே குலைக்கும் அளவுக்கு நெருக்கடி கொடுத்துப் பெற்ற வாக்குமூலமும் ஏற்கப்பட மாட்டா. குற்றம் சாட்டப்பட்டவரின் தரப்பு ஆட்சேபித்தால் அதற்காகவே விசாரணைக்குள் ஒரு தனி விசாரணை நடக்கும். வாக்குமூலம் தன்னிச்சையானது என்பதை ஐயத்துக்கு இடமின்றி நிறுவ வேண்டியது அரசுத் தரப்பு. இது வரைக்கும் பலருக்குத் தெரியும். அதே பிரிவின் விளக்கக் குறிப்பு சொல்வது பலருக்குத் தெரியாது: ஏமாற்றிப் பெற்றதாலேயோ, பதில் சொல்லத் தேவையில்லாத கேள்விக்குப் பதில் சொன்னதாலேயோ, வாக்குமூலம் தரக் கட்டாயமில்லை, தந்தால் அது சான்றாகலாம் என்ற முன்னெச்சரிக்கை தரப்படாததாலேயோ மட்டும் ஒரு வாக்குமூலம் செல்லாததாகிவிடாது. எனவே, "கருவி உங்களைப் பொய்யர் என்று சொல்கிறது" என்ற பேச்சைக் கேட்டு நீங்கள் ஒன்றை ஒப்புக்கொண்டால், அந்தப் பேச்சு மிகையானது என்பது மட்டுமே உங்கள் ஒப்புதலைத் துடைத்துவிடாது. அது மிரட்டலாகவோ ஆசைகாட்டலாகவோ மாறிய இடம் எது என்பதைக் காட்ட வேண்டியிருக்கும்.

கனடாவில் இதே சிக்கல் 2000ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் வரை போனது. தீவைப்பு வழக்கு ஒன்றில் சந்தேகத்துக்கு உள்ளானவர் பாலிகிராஃப் சோதனையில் தேறவில்லை என்று சொல்லப்பட்ட பிறகு குற்றத்தை ஒப்புக்கொண்டார். 1987ல் கருவியின் முடிவைச் சான்றாக ஏற்க மறுத்த அதே நீதிமன்றம், இந்த ஒப்புதலைச் சான்றாக ஏற்றது.

வழக்கறிஞரை உடன் வைத்துக்கொள்ளலாமா?

கைது செய்யப்பட்டவர் தாம் விரும்பும் வழக்கறிஞரைக் கலந்துகொள்ளும் உரிமையை அரசமைப்புச் சட்டத்தின் 9ஆம் பிரிவு தருகிறது; ஆனால் அது உடனடியாக அன்று, நியாயமான கால அளவுக்குள் என்றே நீதிமன்றங்கள் பொருள் கொண்டுள்ளன. விசாரணை அறையில் பக்கத்தில் வழக்கறிஞர் அமர்ந்திருப்பது இங்கே வழக்கமில்லை. கைது செய்யப்படாமல் வெளியில் இருப்பவருக்குச் சோதனைத் தேதி குறிக்கப்பட்டிருந்தால், அந்தத் தேதிக்கு முன் வழக்கறிஞரைப் பார்த்துவிடுவதுதான் பயனுள்ளது. சம்மதம் கேட்கப்படும் சோதனை என்பதால், யோசிக்க அவகாசம் கேட்பதில் தவறில்லை.

கேள்விகள் தமிழில் கேட்கப்படுமா? ஆங்கிலம் ஓரளவு தெரிந்தால் போதாதா?

போதாது என்பது என் உறுதியான கருத்து. ஆங்கிலம் புரியாதவரின் வாக்குமூலம் அவருக்குப் புரியும் மொழியில் பெயர்த்துச் சொல்லப்பட வேண்டும் என்று 22ஆம் பிரிவே சொல்கிறது. மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று கேட்பதற்கு யாரும் கூச வேண்டாம். பாலிகிராஃபில் இந்தத் தேவை இன்னும் கூடுதல், ஏனென்றால் பதில் ஒரே சொல்லில் முடிந்துவிடுகிறது.

"நீங்கள் அந்தப் பணத்தை எடுக்கவில்லைதானே?" என்று தமிழரிடம் கேட்டால், எடுக்காதவர் "ஆமாம்" என்பார், நீங்கள் சொல்வது சரி, எடுக்கவில்லை என்பது அதன் பொருள். அதே கேள்வியை ஆங்கில வழக்கில் கேட்டால், எடுக்காதவர் சொல்ல வேண்டிய பதில் "நோ". தமிழ்ப் பழக்கத்தில் "யெஸ்" என்று சொல்லிவிட்டு, அது ஒப்புதலாகக் குறிக்கப்பட்டதும் முகம் வெளிறிப்போவதற்கு ஒரு நொடி போதும். வினைச்சொல்லிலும் இதே தொல்லை உண்டு. கல்லாவில் உட்காருபவர் நாள் முழுக்கப் பணத்தை எடுப்பவர்தான்: மீதி கொடுக்க எடுப்பார், சரக்கு இறக்க வந்தவருக்குக் கொடுக்க எடுப்பார், முதலாளி சொன்னார் என்று தேநீருக்கு எடுப்பார். "பணம் எடுத்தாயா?" என்ற கேள்விக்கு அவருடைய உடல் எதை நினைத்துத் துள்ளுகிறது என்பதை எந்தக் கருவியும் சொல்லாது. ஆகவே கேள்விகள் முன்னதாகப் படித்துக் காட்டப்படும்போது, எதிர்மறையில் அமைந்த கேள்விகளை நேராகக் கேட்கச் சொல்லுங்கள். "எடுத்தாயா" என்பதற்குப் பதிலாக "திருடினாயா", "அனுமதியின்றி எடுத்துக்கொண்டாயா" என்று தெளிவாகக் கேட்கச் சொல்லுங்கள். புரியாத ஒரு சொல் இருந்தாலும் அங்கேயே நிறுத்திக் கேளுங்கள்.

இந்தியாவில் நீதித்துறை நடுவர் முன்னிலையில் சம்மதம் பெற வேண்டும் என்கிறார்களே, அந்த விதி இங்கே பொருந்துமா?

பொருந்தாது. அது செல்வி எதிர் கர்நாடக மாநிலம் என்ற வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் 2010 மே 5ஆம் தேதி வழங்கிய தீர்ப்பிலிருந்து வருவது. பாலிகிராஃப், மயக்க மருந்து செலுத்தி நடத்தும் நார்கோ சோதனை, மூளை அலைச் சோதனை ஆகிய மூன்றையும் சம்மதமின்றி நடத்தக் கூடாது என்று கூறிய அந்தத் தீர்ப்பு, தேசிய மனித உரிமை ஆணையம் 2000ல் பாலிகிராஃபுக்கு வகுத்த நெறிமுறைகளைக் கண்டிப்பாகப் பின்பற்றவும் சொன்னது. வழக்கறிஞரின் உதவி, நடுவர் முன் சம்மதப் பதிவு, மருத்துவமனை போன்ற சார்பற்ற அமைப்பின் மூலம் சோதனை ஆகியவை அந்த நெறிமுறைகளில் உள்ளவை. சம்மதத்தோடு நடந்த சோதனையாக இருந்தாலும் அதன் முடிவு நேரடிச் சான்றாகாது. அதன் வழியாகப் பின்னர் கண்டெடுக்கப்படும் பொருளோ தகவலோ ஏற்கப்படலாம்.

அத்தீர்ப்பின் முதுகெலும்பு, தனக்கெதிராகத் தானே சாட்சி சொல்லக் கட்டாயப்படுத்தக் கூடாது என்ற இந்திய அரசமைப்பின் 20(3)ஆம் பிரிவு. சிங்கப்பூர் அரசமைப்பில் அதற்கு நிகரான வெளிப்படையான பிரிவு இல்லை. இங்கே அந்தப் பாதுகாப்பு, மேலே சொன்ன 22ஆம் பிரிவைப் போன்ற சாதாரணச் சட்டங்களில்தான் இருக்கிறது. தமிழ்நாட்டுச் செய்தியில் பார்த்ததை இங்கே அதிகாரியிடம் உரிமையாகக் கேட்டு ஏமாந்து போக வேண்டாம்.

கடையில் 800 வெள்ளி காணவில்லை. ஊழியர்கள் எல்லாரும் தனியார் நிறுவனத்தில் சோதனை எடுக்க வேண்டும் என்கிறார் முதலாளி. கட்டுப்பட வேண்டுமா?

அமெரிக்காவில் 1988ஆம் ஆண்டுச் சட்டம் தனியார் முதலாளிகள் ஊழியரிடம் பாலிகிராஃப் கேட்பதைப் பெரும்பாலும் தடுக்கிறது. ஆஸ்திரேலியாவின் நியூ சவுத் வேல்ஸ் மாநிலம் 1983லேயே வேலையிடத்தில் இதற்குத் தடை போட்டுவிட்டது. சிங்கப்பூரில் அப்படி ஒரு தடை இல்லை, எனவே முதலாளி கேட்பதே சட்டவிரோதம் என்று சொல்ல முடியாது. கேட்க அவருக்கு உரிமை உண்டு என்றால், முடியாது என்று சொல்ல உங்களுக்கும் உண்டு.

முடிவை வைத்து அவர் செய்யக்கூடியவற்றுக்கு எல்லை இருக்கிறது. ஒழுங்கீனத்துக்காக ஒருவரை வேலையிலிருந்து நீக்குவதற்கு முன் முறையான விசாரணை நடத்த வேண்டும் என்று வேலை நியமனச் சட்டத்தின் 14ஆம் பிரிவு சொல்கிறது. விசாரணைக் காலத்தில் ஒரு வாரத்துக்கு மேற்படாமல் இடைநீக்கம் செய்யலாம், ஆனால் பாதிச் சம்பளத்துக்குக் குறையாமல் கொடுக்க வேண்டும். "கருவி சொல்லிவிட்டது" என்பது விசாரணையாகாது. கண்காணிப்பு கேமராப் பதிவைப் பார்த்தார்களா, கல்லாக் கணக்கை யார் கடைசியாகச் சரிபார்த்தார், சாவி எத்தனை பேரிடம் இருந்தது என்று கேட்காமல் நேராகக் கருவிக்குப் போகும் முதலாளி, பின்னால் நடுவர் மன்றத்தில் பதில் சொல்லத் திணறுவார். காணாமற்போன பணத்தைச் சம்பளத்தில் கழிப்பதற்கும் கட்டுப்பாடு உண்டு: இழப்பு அந்த ஊழியரின் கவனக்குறைவாலோ தவற்றாலோ நேர்ந்ததாக இருக்க வேண்டும், அவர் விளக்கம் சொல்ல வாய்ப்புத் தர வேண்டும், கழிக்கும் தொகை ஒரு மாதச் சம்பளத்தில் கால் பங்கைத் தாண்டக் கூடாது. தவறாக வேலைநீக்கம் செய்யப்பட்டதாகக் கருதுபவர் ஒரு மாதத்துக்குள் வேலைத் தகராறுகளைத் தீர்த்துவைக்கும் டிஏடிஎம் எனப்படும் முத்தரப்பு அமைப்பிடம் முறையிட வேண்டும். அங்கே சமரசம் ஏற்படாவிட்டால் வழக்கு வேலை நியமன உரிமைகோரல் நடுவர் மன்றத்துக்குப் போகும்.

வீட்டில் வேலை செய்யும் பணிப்பெண்ணை இப்படிச் சோதிக்கலாமா?

இல்லப் பணிப்பெண்கள் வேலை நியமனச் சட்டத்தின் கீழ் வருவதில்லை. அவர்களுக்கு வெளிநாட்டு மனிதவள வேலை நியமனச் சட்டமும் அதன் விதிகளும் பொருந்தும். நகை காணவில்லை என்றால் போலிசில் புகார் செய்வதே முறை. "சோதனைக்கு வராவிட்டால் ஊருக்கு அனுப்பிவிடுவேன்" என்ற சொல்லுக்குப் பயந்து ஒருவர் போடும் கையொப்பத்தைச் சம்மதம் என்று அழைப்பது கடினம். முடிவு வரும்வரை அறையில் பூட்டி வைத்தால் அது தண்டனைச் சட்டத்தின்படி முறையற்ற அடைப்பு ஆகலாம். பணிப்பெண்ணுக்கு எதிரான இத்தகைய குற்றங்களுக்கு 73ஆம் பிரிவு இரண்டு மடங்குவரை கூடுதல் தண்டனைக்கு வழி செய்கிறது. சம்பளத்தை நிறுத்தி வைப்பதும் கூடாது. சம்பளக் காலம் முடிந்த ஏழு நாள்களுக்குள் கொடுத்தாக வேண்டும்.

கணவன் மனைவிக்கிடையே சந்தேகம் வந்து தனியார் நிறுவனத்தில் சோதனை செய்தால், அறிக்கை யாருக்குச் சொந்தம்? விவாகரத்து வழக்கில் உதவுமா?

விவாகரத்துக்கு உதவும் என்று எண்ணிப் பணம் செலவழிக்க வேண்டாம். 2024 ஜூலை 1 முதல் இருவரும் ஒத்துக்கொண்டு, ஒருவர்மேல் ஒருவர் பழி சுமத்தாமலே மணமுறிவு கேட்க வழி திறந்திருக்கும்போது இந்தச் செலவுக்கு இன்னும் பொருள் குறைந்துவிட்டது. "சாமி முன்னால் சூடம் அணைத்துச் சத்தியம் பண்ணு" என்று கேட்டுவந்த குடும்பங்கள் இப்போது கருவியின் முன் உட்காரச் சொல்கின்றன. சூடம் அணைப்பதற்குக் கட்டணம் இல்லை.

விவரங்களைப் பொறுத்தவரை, சொந்த அல்லது குடும்பக் காரியத்துக்காகச் செயல்படும் தனிநபரைத் தரவுப் பாதுகாப்புச் சட்டம் தொடாது. சோதனை நடத்தும் நிறுவனத்தைத் தொடும். உங்கள் மூச்சும் நாடியும் பதில்களும் எதற்காகத் திரட்டப்படுகின்றன, யாரிடம் தரப்படும் என்பதை அந்த நிறுவனம் சொல்லிச் சம்மதம் பெற வேண்டும். விசாரணைகளுக்கென்று சில விதிவிலக்குகள் இருந்தாலும், பொதுவாகச் சம்மதத்தைத் திரும்பப் பெறவும், நிறுவனம் வைத்திருக்கும் உங்கள் விவரங்களைப் பார்க்கக் கேட்கவும் சட்டம் இடம் தருகிறது.

சோதனையில் தேறிவிட்டால் வழக்கு முடிந்துவிடுமா?

முடியாது. சோவியத் ஒன்றியத்துக்கு உளவு சொன்ன அமெரிக்க சிஐஏ அதிகாரி ஆல்டிரிச் ஏம்ஸ் 1986லும் 1991லும் பாலிகிராஃபில் தேறினார், 1994ல்தான் கைதானார். இதை விசாரணை அதிகாரிகளும் அறிவார்கள்.

எந்த நாட்டிலாவது இதைச் சட்டமே கட்டாயமாக்கியிருக்கிறதா?

இங்கிலாந்தில் உண்டு. 2007ஆம் ஆண்டுச் சட்டம், கடுமையான பாலியல் குற்றத்துக்காகத் தண்டனை பெற்று நிபந்தனையின் பேரில் விடுவிக்கப்பட்டவர்களைப் பாலிகிராஃபுக்கு உட்பட வைக்கலாம் என்கிறது. 2021ல் பயங்கரவாதக் குற்றவாளிகளுக்கும் இது நீட்டிக்கப்பட்டது. ஆயினும் அந்தச் சோதனையில் வெளிப்பட்டதை அந்த நபருக்கு எதிரான குற்ற வழக்கில் சான்றாக வைக்கக் கூடாது என்று அதே சட்டம் தடுத்திருக்கிறது. கட்டாயமாக்கும் துணிவு வந்த இடத்திலும், கோடுகளோடு சேர்த்துச் சொற்களையும் வெளியே நிறுத்தும் கவனம் கூடவே வந்திருக்கிறது. சிங்கப்பூரில் சட்டம் எழுதப்படும் நாள் வந்தால் இந்த இரண்டாவது பாதி விட்டுப்போகாமல் இருக்க வேண்டும்.

இலவசமாக யாரிடம் ஆலோசனை கேட்கலாம்?

புரோ போனோ எஸ்ஜி அமைப்பின் சட்ட ஆலோசனைக் கூடங்களில் முன்பதிவு செய்து வழக்கறிஞரைச் சந்திக்கலாம். குற்றம் சாட்டப்பட்ட குடிமக்களுக்கும் நிரந்தரவாசிகளுக்கும், வருமான நிபந்தனைக்கு உட்பட்டு, 2022ல் தொடங்கப்பட்ட அரசுத் தற்காப்பு வழக்கறிஞர் அலுவலகம் இருக்கிறது. வேலை அனுமதிச் சீட்டில் உள்ள ஊழியர்கள் வெளிநாட்டு ஊழியர் நிலையத்தையும், பணிப்பெண்கள் இல்லப் பணியாளர் நிலையத்தையும் அணுகலாம். போகும்போது சம்மதப் படிவத்தின் நகல் கையில் இருந்தால் எடுத்துச் செல்லுங்கள். நகல் தரப்படவில்லை என்றால், எந்த நாள், எத்தனை மணிக்கு, யார் யார் அறையில் இருந்தார்கள், கருவியைக் கழற்றிய பிறகு என்ன பேசப்பட்டது என்பதை அன்றிரவே ஒரு தாளில் எழுதி வையுங்கள்.